ஏரி நிலத்தில் அரசுக் கட்டடம்: விலக்கு எதுவரை?

ஏரிப் புறம்போக்கில் ஒருவர் கொட்டகை போட்டால் ஆக்கிரமிப்பு என்கிறோம். அதே இடத்தில் சமுதாயக் கூடம் எழும்பினால் யாரும் வாய் திறப்பதில்லை, பொதுக் காரியம்தானே! விழுப்புரம் புதிய பேருந்து நிலையமும் ஏரி நிலத்தில்தான் கட்டப்பட்டது. பெருமழை பெய்தால் அங்கே பஸ் ஏறுவதற்குள் முழங்கால் நனைகிறது.

கள்ளக்குறிச்சி மாவட்டத்துக் கச்சிராயபாளையம் பக்கம் இது இன்னும் பெரிய கவலை. கல்வராயன் மலையில் பெய்யும் மழைதான் கோமுகி அணையை நிரப்புகிறது. 46 அடி அணையை நம்பிப் பத்தாயிரம் ஏக்கருக்கும் மேல் பாசனம். ஏரியின் ஒரு மூலையையோ வரத்து வாய்க்காலையோ அடைத்துக் கட்டினால், கட்டியது அரசாங்கம் என்பதற்காகத் தண்ணீர் வழிவிட்டுப் போகாது.

பொதுக் கட்டடத்துக்கு விலக்கு உண்டு என்பவர்கள் பெரும்பாலும் 2011 ஜக்பால் சிங் வழக்கைக் காட்டுவார்கள். பஞ்சாபில் ஒரு கிராமத்துக் குளத்து நிலத்தில் வீடு கட்டியவர்களை வெளியேற்றச் சொன்ன உச்ச நீதிமன்றம், பொது நிலங்களை மீட்கும்படி எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவிட்டது. அபூர்வமாக வரன்முறை செய்ய இரண்டு வழிகளை மட்டும் உதாரணம் காட்டியது. ஒன்று, நிலமற்ற தொழிலாளர்களுக்கோ பட்டியலின, பழங்குடி மக்களுக்கோ அரசு அறிவிக்கைப்படி கொடுத்த குத்தகை. மற்றொன்று, பள்ளிக்கூடம், மருந்தகம் போன்றவை ஏற்கெனவே நிற்கும் இடம். இனிமேல் கட்டிக்கொள்ள அது அனுமதி தரவில்லை. ஆனால் இதில் ஒரு சூட்சுமம் இருக்கிறது: கூரை போட்டுப் பிள்ளைகள் வந்து உட்கார்ந்துவிட்டால், இடிக்கச் சொல்ல எந்த நீதிபதிக்கும் மனம் வராது. ஆட்சேபிப்பதாக இருந்தால் கடைக்கால் தோண்டுவதற்கு முன்பே ஆட்சேபிக்க வேண்டும்.

மனு எழுதுகிறவர்கள் தடுக்கி விழும் இடம் 2017 ஈரநில விதிகள். ஈரநிலத்தைச் சுற்றி 50 மீட்டருக்குள் நிரந்தரக் கட்டுமானம் கூடாது, படகுத் துறைக்கு மட்டும் விலக்கு என்று அவை சொல்வது உண்மைதான். ஆனால் பாசனத்துக்காகவும் குடிநீருக்காகவும் மனிதர் வெட்டிய நீர்நிலைகள் அந்த வரையறைக்குள்ளேயே வரமாட்டா. நம் ஏரிகளில் பெரும்பாலானவை அந்த வகை. அவற்றுக்குத் துணை, ஏரிகளைப் பாதுகாக்கவும் ஆக்கிரமிப்பை அகற்றவும் தமிழ்நாடு இயற்றிய 2007 சட்டம். அது பொதுப்பணித் துறைப் பொறுப்பில் இருந்த ஏரிகளுக்கானது. ஒன்றியத்து ஏரி, குட்டை, ஓடை எல்லாவற்றையும் காக்கும் கடமை அரசுக்கு உண்டு என்பதை 2015-இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு உறுதிப்படுத்தியது.

நீர்நிலைகள் அடங்கிய நிலத்தைத் திட்டங்களுக்காக ஒருங்கிணைக்க 2023-இல் ஒரு சட்டம் வந்தது. அதற்குக் குறைந்தது 100 ஹெக்டேர் வேண்டும். ஊர்ப் பள்ளிக்கோ ரேஷன் கடைக்கோ அதைக் காட்ட முடியாது.

மலைமேல் கதை வேறு. 2006 வன உரிமைச் சட்டம் பள்ளி, மருந்தகம், அங்கன்வாடி, சாலை, குடிநீர்க் குழாய் போன்ற 13 வசதிகளுக்கு வன நிலத்தை விட்டுத்தருகிறது. ஒவ்வொன்றுக்கும் ஒரு ஹெக்டேருக்குக் குறைவான நிலம், ஹெக்டேருக்கு 75 மரங்களுக்கு மேல் வெட்டக் கூடாது, கிராம சபை பரிந்துரைக்க வேண்டும். நான் பார்த்த விலக்குகளில் இதுதான் யோக்கியமானது. அளவும் சொல்கிறது, யாரைக் கேட்க வேண்டும் என்றும் சொல்கிறது. சாலைக்காகக் காத்திருக்கும் கல்வராயன் மலையின் மலையாளிப் பழங்குடி மக்களுக்கு இது சலுகை அல்ல, உரிமை.

சமவெளியில் முதல் வேலை ‘அ’ பதிவேட்டையும் புலப்படத்தையும் எடுத்து, அந்த சர்வே எண் ஏரியா, ஓடையா, தரிசா என்று பார்ப்பது. பிறகு பத்து ரூபாய்க் கட்டணத்தில் தகவல் உரிமை மனு: நில வகைப்பாட்டை மாற்றிய ஆணை எது, நீர்வளத் துறை தடையின்மைச் சான்று தந்ததா? 30 நாளில் பதில் தர வேண்டும். தண்ணீர் தினமான மார்ச் 22 கிராம சபையில் தீர்மானம் போடலாம். திங்கட்கிழமை குறைதீர் நாளில் ஆட்சியரிடம் கொடுத்து ரசீது வாங்கிக்கொள்ளலாம். அதற்கும் அசையாவிட்டால் சென்னை உயர் நீதிமன்றத்தில் பொதுநல வழக்கு. கழிவுநீர், வனம் போன்ற சுற்றுச்சூழல் சட்ட மீறலும் இருந்தால் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு. அங்கே ஆறு மாதக் கெடு உண்டு.

பள்ளிக்கூடத்தைத் தடுக்கிறான் என்ற பழி வரத்தான் செய்யும். மனுவிலேயே மாற்று இடத்தின் சர்வே எண்ணையும் எழுதிவிடுங்கள்.