வீனஸின் காதில் ஏறிய முத்து

ரோமானியரின் வீனஸை நமக்குக் 'காதல் தெய்வம்' என்று சொல்லித் தந்திருக்கிறார்கள். கிரேக்க அப்ரோடைட்டியின் லத்தீன் பெயர், க்யூபிடின் தாய், நம்ம ரதி மாதிரி என்று விளக்கம் முடிந்துவிடும். இந்த 'மாதிரி'யில்தான் கோளாறே. எரிந்துபோன புருஷனுக்காக அழுகிறவள் ரதி. அவள் அழுகைக்குப் பின்னால் எந்த ராஜ்ஜியமும் நிற்கவில்லை. வீனஸோ ஒரு பேரரசின் பாட்டி.

ட்ராய் எரிந்தபோது தப்பி வந்த ஏனியாஸ் அவளுடைய மகன். அவன் வழி வந்தவர்கள் நாங்கள் என்றது ஜூலியஸ் சீஸரின் குலம். கி.மு. 46-இல் தன் சதுக்கத்தில் 'பெற்றெடுத்த வீனஸ்' என்ற பெயரில் அவளுக்குக் கோயில் எடுத்தான் சீஸர். குலக்கதை அதிகாரத்துக்குப் பட்டாவாக மாறுவது நாம் அறியாத விஷயமா என்ன?

அதற்கும் முன்பே அவளை அரசு வேலைக்கு எடுத்தாச்சு. ஹன்னிபாலிடம் தோற்ற கி.மு. 217-இல் ரோம் நேர்ந்துகொண்டது சிசிலியின் எரிக்ஸ் மலை வீனஸை. கி.மு. 215-இல் நகரின் உச்சியான காபிட்டல் குன்றிலேயே அவளுக்கு இடம் கிடைத்தது. அதே எரிக்ஸ் வீனஸுக்கு கி.மு. 181-இல் எழுந்த இன்னொரு கோயில் கொல்லின் வாசலுக்கு வெளியே, மதிலுக்கு அந்தப் பக்கம். ஏப்ரல் 23 திருவிழாவில் பரத்தையர் ரோஜாவும் சாம்பிராணியும் கொண்டுபோனது அங்கேதான். ஒரே தெய்வம், மதிலுக்கு உள்ளே வெற்றி, வெளியே உடம்பு. ஊர்க்கோயிலையும் சேரிக்கோயிலையும் பார்த்து வளர்ந்த நமக்கு இந்த வரைபடம் புதுசு இல்லே.

கி.மு. 114-இல் வெஸ்டா கோயில் கன்னியர் மூவர் மீது கற்புத் தவறினார்கள் என்று குற்றச்சாட்டு. உடனே எழும்பியது 'மனம் திருப்பும் வீனஸ்' கோயில். பெண்களின் மனசைக் காமத்திலிருந்து அடக்கத்துக்குத் திருப்புவது இவள் பொறுப்பாம். காமத்தின் தெய்வத்தையே காமத்துக்குக் காவல் வைத்த சாமர்த்தியம்!

இனி முத்து. கிளியோபாட்ரா பந்தயம் கட்டி ஒரு பெருமுத்தைக் காடியில் கரைத்துக் குடித்த கதை பிரசித்தம். அதன் ஜோடி முத்தை இரண்டாக வெட்டி, ரோமின் பாந்தியன் கோயிலில் வீனஸின் இரு காதுகளிலும் பூட்டினார்கள் என்கிறார் பிளினி. அந்த முத்து நம்ம கடலில் எடுத்தது என்று மார்தட்டச் சான்று கிடையாது. கீழ்த்திசை அரசர்கள் வழி வந்தது என்பதோடு அவர் நிறுத்திக்கொள்கிறார். ஆனால் இந்தியாவும் சீனமும் அரேபியாவும் ஆண்டுக்குப் பத்துக் கோடி செஸ்டர்ஸை ரோமிலிருந்து உறிஞ்சுவதாகக் கணக்குப் போட்டு, நம் ஆடம்பரங்களும் நம் பெண்களும் வைக்கும் செலவு இது என்று பெருமூச்சு விடுகிறவரும் இதே பிளினிதான். சீஸர் வீனஸுக்கு முத்துக்கவசமே காணிக்கை வைத்ததை எழுதியவருக்குப் பழி போட அகப்பட்டது பெண்.

விளாத்திகுளத்தைத் தொட்டு ஓடும் வைப்பாறு கடலில் விழும் இடத்தருகே ஒரு ஊரின் பெயர் சிப்பிகுளம். இந்தக் கரையில் கடைசி முத்துக்குளிப்பு நடந்தது 1961-இல். கரையோடு தெற்கே போனால் தாமிரபரணி முகத்துக் கொற்கை. கி.பி. முதல் நூற்றாண்டில் பெரிப்ளூஸ் எழுதிய பெயர் தெரியாத வணிகன் கொற்கை முத்தைப் பற்றிச் சொல்லும்போது, பாண்டியனுக்காக அங்கே குளித்தவர்கள் தண்டனைக் கைதிகள் என்கிறான். ஒரே வாக்கியம். என்ன குற்றத்துக்காக அவர்களைக் கடலில் இறக்கினார்கள் என்று எழுதவில்லை.