பத்துமலைக்குப் போக விசா வேண்டுமா?

"தைப்பூசத்துக்குப் பத்துமலை போயிட்டு வரலாம், விசாவே வேண்டாமாம்!" சேலம், ராசிபுரம், திருச்செங்கோடு பக்கம் இந்தப் பேச்சு அடிக்கடி காதில் விழுகிறது. உண்மைதான் நேயர்களே. 2023 டிசம்பர் 1 முதல் இந்தியர்கள் விசா இல்லாமலே, பத்துமலை இருக்கும் மலேசியாவில் 30 நாள் வரை தங்கலாம். 2026 டிசம்பர் 31 வரை இந்தச் சலுகை உண்டு. பாஸ்போர்ட் இன்னும் ஆறு மாதமாவது செல்லுபடியாக வேண்டும். திரும்பி வரும் டிக்கெட்டும் தங்குமிட விவரமும் கையில் இருக்கட்டும். போய் இறங்குவதற்கு முந்தைய மூன்று நாளுக்குள் டிஜிட்டல் வருகை அட்டையை இணையத்தில் நிரப்ப வேண்டும். அது இலவசம், யாராவது காசு கேட்டால் கொடுத்துவிடாதீர்கள்.

"சும்மா டூரிஸ்டா போங்க, அங்க வேலை போட்டுத் தர்றோம்" என்று வரும் ஏஜென்ட்டிடம்தான் ரொம்ப உஷாராக இருக்க வேண்டும். இந்த 30 நாள் வேலை பார்ப்பதற்கு அல்ல. பிடிபட்டால் சிறை, நாடு கடத்தல் வரை போகும். பத்தாம் வகுப்பு தேறாமல் ஈ.சி.ஆர். (குடிபெயர்வுச் சோதனை தேவை) பாஸ்போர்ட் வைத்திருப்பவர்கள் மலேசியாவுக்கு வேலைக்குப் போவதானால், வேலை விசாவோடு குடிபெயர்வோர் பாதுகாவலர் அலுவலகத்தின் அனுமதியும் வாங்கியாக வேண்டும். அந்த அலுவலகம் சென்னையிலேயே இருக்கிறது.