மொழியைக் காப்பது வீடுதான்: ஆஸ்திரேலியா தரும் பாடம்

ஆஸ்திரேலியாவில் வாழும் பேரப்பிள்ளைகளோடு வாட்ஸ்அப்பில் பேசக் காத்திருக்கும் பாட்டிமார்களை இன்று நம் ஊர்கள்தோறும் பார்க்கிறோம். பிள்ளை அழகாக ஸலாம் சொல்கிறது. பாட்டி பதில் சொல்லிவிட்டு, "சாப்பிட்டியாம்மா?" என்று கேட்கிறார். பிள்ளை தன் தாயின் முகத்தைப் பார்க்கிறது. தாய் அதை ஆங்கிலத்தில் மாற்றிச் சொன்னதும் தலையை ஆட்டிவிட்டு ஓடிவிடுகிறது. ஸலாத்துக்குப் பிறகு அந்த இருவருக்கும் பேச ஒரு மொழி இல்லை.

இது யாருடைய குற்றம் என்று தேடுவதற்கு முன்னால், அந்த நாட்டில் மொழிகளுக்கு என்ன நேர்ந்தது என்பதைத் தெரிந்துகொள்வோம்.

ஆங்கிலத்துக்கு முன்பு

1788ல் ஆங்கிலேயர் வந்து இறங்கியபோது அந்த மண்ணின் பூர்வகுடி மக்கள் 250க்கும் மேற்பட்ட மொழிகளைப் பேசிக்கொண்டிருந்தார்கள். வடக்குக் கரையில் வாழும் யோல்ங்கு மக்களுக்கு முஸ்லிம்களோடும் தொடர்பு இருந்தது. இன்றைய இந்தோனேசியாவின் மக்காஸர் பகுதி மாலுமிகள் ஆண்டுதோறும் கடல் அட்டை எடுக்க அங்கே வந்து போனார்கள். யோல்ங்கு மொழிகளில் பணத்துக்கு 'ருப்பியா' என்று சொல்வது அந்த உறவின் அடையாளம். நம்முடைய 'ரூபாய்'க்கும் அதற்கும் வேர் ஒன்றுதான்.

அடிலெய்டு நகரம் இருக்கும் மண் கௌர்னா மக்களுடையது. 1838ல் அங்கு வந்த இரண்டு ஜெர்மானியப் பாதிரியார்கள் அந்த மக்களின் மொழியைக் கற்று, குழந்தைகளுக்கு அதிலேயே பள்ளிக்கூடம் நடத்தினார்கள். 1840ல் அதன் இலக்கணத்தையும் ஏறத்தாழ 2,000 சொற்களையும் நூலாக வெளியிட்டார்கள். 1845ல் அரசு அந்தப் பள்ளியை மூடி, பிள்ளைகளை ஆங்கிலக் கல்விக்கு மாற்றியது. மொழியைச் சரளமாகப் பேசத் தெரிந்த கடைசி மனிதர் என்று கருதப்படும் இவாரிஜி என்ற மூதாட்டி 1929ல் இறந்தார்.

நாடெங்கும் நடந்தது இன்னும் கொடியது. இருபதாம் நூற்றாண்டில் பல பத்தாண்டுகள், பூர்வகுடிக் குழந்தைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்து விடுதிகளிலும் வெள்ளையர் வீடுகளிலும் வளர்த்தார்கள். தாய்மொழியில் பேசியதற்காகத் தண்டிக்கப்பட்ட பிள்ளைகள் ஏராளம். 2008 பிப்ரவரி 13 அன்று பிரதமர் கெவின் ரட் நாடாளுமன்றத்தில் இதற்காக மன்னிப்புக் கேட்டார். ஆனால் தாயிடமிருந்து பிள்ளைக்குப் போகும் பாதை பல மொழிகளுக்கு அதற்குள் அறுந்துபோயிருந்தது. 2021 மக்கள் தொகைக் கணக்கெடுப்பின்படி 167 பூர்வகுடி மொழிகளை ஏறத்தாழ 77,000 பேர் வீட்டில் பேசுகிறார்கள். அவற்றில் பல மொழிகளை ஒரு சிலர் மட்டுமே பேசுகிறார்கள்.

வந்தவர்களின் மொழிகள்

குடியேற வந்தவர்களுக்கும் மொழியே தடையாக வைக்கப்பட்டது. 1901ல் இயற்றப்பட்ட சட்டம், வருகிறவரிடம் ஏதாவது ஒரு ஐரோப்பிய மொழியில் 50 சொற்களைச் சொல்லி எழுத வைக்க அதிகாரிக்கு இடம் தந்தது. வேண்டாதவருக்குத் தெரியாத மொழியைத் தேர்ந்தெடுத்துத் திருப்பி அனுப்பினார்கள். வெள்ளையர் அல்லாதாரைத் தடுப்பதே அதன் நோக்கம். 1958ல்தான் இந்தத் தேர்வு ஒழிந்தது.

அதற்கு முன்பே, 1860கள் முதல், பாலைவனப் பாதைகளில் சரக்கு ஏற்றிச் செல்ல ஒட்டகங்களோடு அழைத்து வரப்பட்டவர்கள் ஆப்கானிஸ்தான், பலூசிஸ்தான், பஞ்சாப் பகுதிகளின் முஸ்லிம்கள். அடிலெய்டில் அவர்கள் எழுப்பிய பள்ளிவாசல் இன்றும் நிற்கிறது. அவர்களின் வழித்தோன்றல்கள் சிலரிடம் 'கான்' போன்ற பெயர்களும் இருக்கின்றன. ஆனால் அவர்கள் பேசிய பஷ்தூவும் பலூச்சியும் பெரும்பாலும் பேரப்பிள்ளைகளை எட்டவில்லை.

இன்று அந்தத் தடைகள் இல்லை. மருத்துவமனையில் மொழிபெயர்ப்பாளரைக் கேட்டுப் பெறலாம். எஸ்.பி.எஸ். வானொலியில் தமிழ் ஒலிக்கிறது. விக்டோரியா மாநிலத்தில் பன்னிரண்டாம் வகுப்பில் தமிழைப் பாடமாக எடுக்கலாம். சுமார் 95,000 பேர் வீட்டில் தமிழ் பேசுவதாக 2021 கணக்கெடுப்பு சொல்கிறது.

பிறகு ஏன் அந்தப் பிள்ளைக்குப் பாட்டியின் கேள்வி புரியவில்லை? மூத்த பிள்ளை பள்ளிக்கூடம் போய் ஆங்கிலத்தை வீட்டுக்குக் கொண்டுவருகிறது. தம்பி தங்கையோடு அதில்தான் பேசுகிறது. பெற்றோர் தமிழில் கேட்க, பிள்ளை ஆங்கிலத்தில் பதில் சொல்கிறது. நாளடைவில் பெற்றோரும் மாறிவிடுகிறார்கள். யாரும் தடுக்காமலேயே ஒரு மொழி வீட்டை விட்டு வெளியேறிவிடுகிறது.

இது நமக்குப் புதிதல்ல. நம் முன்னோர்கள் மார்க்கச் சட்டங்களையும் பாடல்களையும் அரபு எழுத்தில் தமிழாக எழுதிவைத்தார்கள். நம் வீட்டுப் பெண்கள் அந்த அரபுத்தமிழ்க் கிதாபுகளைப் படித்தே தீனை அறிந்தார்கள். இன்று அவற்றை எடுத்து வாசிக்கத் தெரிந்தவர்கள் நம்மில் எத்தனை பேர்? எந்த அரசும் அதைத் தடை செய்யவில்லை. நாம்தான் கைவிட்டோம்.

மார்க்கம் என்ன சொல்கிறது?

வானங்களையும் பூமியையும் படைத்ததோடு சேர்த்து, மனிதர்களின் மொழிகளும் நிறங்களும் வேறுபட்டிருப்பதையும் தன் அத்தாட்சிகளில் ஒன்றாக அல்லாஹ் கூறுகிறான் (30:22). ஒவ்வொரு தூதரும் தம் சமூகத்தாரின் மொழியிலேயே அனுப்பப்பட்டார் என்றும் கூறுகிறான் (14:4). ஆகவே எந்த மொழியையும் இழிவாகப் பார்க்க நமக்கு அனுமதி இல்லை. நம் பிள்ளைகள் குடியிருக்கும் மண்ணின் பூர்வகுடி மொழிகளையும் அப்படியே மதிக்க வேண்டும்.

ஆங்கிலம் வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. யூதர்களின் எழுத்தைக் கற்றுக்கொள்ளுமாறு ஜைத் பின் ஸாபித் (ரலி) அவர்களை நபி (ஸல்) அவர்கள் பணித்தார்கள். அவரும் சில நாட்களிலேயே கற்றுத் தேர்ந்தார். அதற்காக அவர் தம் அரபியை மறக்கவில்லை. வாழும் நாட்டின் மொழியில் ஜும்ஆ பயான் செய்வதும் பிள்ளைகளுக்குத் தேவையானதே.

எனவே பெற்றோர்களிடம் நாம் வேண்டுவது சிலதான். பிள்ளை ஆங்கிலத்தில் பதில் சொன்னாலும் நீங்கள் தமிழிலேயே பேசுங்கள். ஓதும் சூராக்களின் பொருளைத் தமிழிலும் சொல்லிக்கொடுங்கள். பிள்ளையின் தவறான உச்சரிப்பைக் கேலி செய்யாதீர்கள். வெட்கம் வந்தால் வாய் மூடிவிடும். இரண்டு மொழிகள் கேட்டால் குழந்தை குழம்பிவிடும் என்ற பயத்துக்கு ஆதாரம் இல்லை. வாரம் ஒருமுறையாவது பாட்டியோடு பேச விடுங்கள். நடுவில் மொழிபெயர்க்க அவசரப்படாதீர்கள்.

கௌர்னா மக்கள் 1990 வாக்கில் தங்கள் மொழியை மீட்கத் தொடங்கினார்கள். கேட்டுக் கற்க ஒரு பாட்டி இல்லை. அந்த 1840ஆம் ஆண்டு நூலை வைத்துத்தான் சொல் சொல்லாகச் சேர்த்தார்கள். இன்று அடிலெய்டின் பொது நிகழ்ச்சிகளில் அந்த மொழியில் வரவேற்புரை கேட்கிறது. எவ்வளவு உழைப்பு! நமக்கோ, கைபேசியின் அந்தப் பக்கத்தில் பாட்டி இன்னும் காத்திருக்கிறார்.

அந்த நிஃமத் இருக்கும்போதே அதன் அருமையை உணர்ந்துகொள்ளும் பாக்கியத்தை வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் தந்தருள்வானாக! ஆமீன்.