தியேட்டர் பார்க்காத திகில் படங்கள்

'ஹாஸ்டல்' இரண்டாம் பாகம் 2007 ஜூன் 8 அன்று அமெரிக்கத் திரையரங்குகளுக்கு வந்தது. வேலை முடியாத பிரதி ஒன்று அதற்கு முன்பே இணையத்தில் கசிந்திருந்தது. முதல் பாகம் முதல் வார இறுதியில் ஏறத்தாழ 1.95 கோடி டாலர் வசூலித்தது. இரண்டாம் பாகத்துக்குக் கிடைத்தது சுமார் 82 லட்சம். திருட்டுப் பிரதிதான் காரணம் என்றார் இயக்குநர் ஈலை ராத். அதே நாளில் 'ஓஷன்ஸ் தர்ட்டீன்' வெளியானதையும் கணக்கில் சேர்க்க வேண்டும். எப்படியிருந்தாலும், மூன்றாம் பாகம் 2011இல் தியேட்டர் பக்கமே போகாமல் நேராக டிவிடியில் வந்தது. ராத் அதை இயக்கவில்லை.

நேரடி டிவிடி அப்போது லாபக் கணக்குள்ள தொழில். நட்சத்திரம் வேண்டாம், தொடரின் பெயரே விளம்பரம். 'ராங் டர்ன்' வரிசையில் 2007 முதல் 2014 வரை ஐந்து பாகங்கள் இப்படி வந்தன. வார்னர் பிரதர்ஸ் 2006இல் 'வார்னர் பிரீமியர்' என்று தனிப்பிரிவே தொடங்கியது.

ஆபத்து அந்தக் கணக்கிலேயே இருந்தது. தியேட்டர் படத்தைத் திருடுபவருக்கு முதலில் கிடைப்பது பெரும்பாலும் கேமராவில் எடுத்த மங்கல் பிரதி. நல்ல பிரதி வருவதற்குள் தயாரிப்பாளர் டிக்கெட் காசைப் பார்த்துவிடுவார். நேரடி டிவிடிக்கு அந்த அவகாசம் இல்லை. விற்பனைக்கு வரும் முதல் பிரதியே துல்லியமானது. திருட்டுப் பிரதியும் அதே தரத்தில், அதே நாளில், இலவசமாகக் கிடைக்கும். வேறு வசூலும் பெரிதாக இல்லை.

சட்டபூர்வமான ஸ்ட்ரீமிங்கும் சேர்ந்துகொள்ள, டிஸ்க் சந்தை சரிந்தது. வாடகைக் கடைச் சங்கிலியான பிளாக்பஸ்டர் 2010இல் திவாலானது; வார்னர் பிரீமியர் 2012இல் மூடப்பட்டது. வருமானம் சுருங்கினால் முதலில் வெட்டுப்படுவது பட்ஜெட். 2011இல் வந்த 'ஹெல்ரெய்சர்: ரெவலேஷன்ஸ்', தொடரின் உரிமை கைவிட்டுப் போகாமலிருக்கச் சில வாரங்களில் எடுத்து முடித்த படம். அதுவரை எல்லாப் பாகங்களிலும் வில்லன் பின்ஹெட்டாக நடித்த டக் பிராட்லியே விலகிக்கொண்டார்.

நேராக ஓடிடிக்கு வரும் சிறிய தமிழ்ப் படங்களின் நிலையும் இதுவே. திரையரங்கில் ரகசியமாகப் படம்பிடிப்பவருக்கு மூன்று ஆண்டுவரை சிறை என்கிறது 2023ஆம் ஆண்டின் சட்டத் திருத்தம். ஓடிடி பிரதியைத் திருட கேமராவே தேவையில்லை. பெரிய நட்சத்திரப் படம் ஒரு கசிவைத் தாங்கிக்கொள்ளும். உரிமை விற்பனை ஒன்றையே நம்பும் சிறு தயாரிப்பாளருக்கு அடுத்த பேரத்தில் விலை குறையும். அதற்கடுத்த படம் எடுக்கப்படாமலே போகலாம்.