மறைந்துபோன ஒரு வார்டு

நான் பள்ளி மாணவனாக இருந்த காலத்தில் 'வார்டு' என்ற சொல்லுக்கு ஒரே பொருள்தான் அறிந்திருந்தேன். வீட்டு வரி ரசீதின் மூலையில் அச்சிட்டிருக்கும் ஓர் எண். அந்த எண்ணுக்கும் ஒரு சரித்திரம் இருக்கக்கூடும் என்று எனக்கு அப்போது யாரும் சொல்லவில்லை. சில ஆண்டுகளுக்கு முன் லண்டன் மாநகரின் தென்பகுதியில் ஒரு தெருவில் நடந்துகொண்டிருந்தபோதுதான் அந்த எண்ணம் மாறியது. தெருவின் பெயர்ப்பலகையில் 'சுதந்திரத் தெரு' என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்தது. அதை அடுத்து 'சீர்திருத்தத் தெரு' இருந்தது. இன்னொன்றுக்கு ஜூபேர் என்ற பெயர். ஜூபேர் யார்? தென்னாப்பிரிக்காவில் பிரிட்டிஷாரை எதிர்த்துப் போர் புரிந்த போயர் தளபதி! எதிரியின் தளபதிக்குத் தலைநகரில் ஒரு தெருவா என்று வியந்து விசாரிக்கத் தொடங்கினேன். அந்த விசாரணை என்னைக் கொண்டுபோய் நிறுத்திய இடம் லாட்ச்மியர் வார்டு. இப்போது அந்த வார்டு இல்லை. அதன் கதையை மாணவ நண்பர்களுக்குச் சொல்ல விரும்புகிறேன்.

தேம்ஸ் நதியின் தென்கரையில் உள்ளது பாட்டர்சி. பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அது காய்கறித் தோட்டங்கள் நிறைந்த ஒரு கிராமம். 1838-இல் இருப்புப்பாதை வந்தது. 1863-இல் கிளாப்பம் சந்திப்பு நிலையம் திறக்கப்பட்டது. தோட்டங்கள் இருந்த இடங்களில் பட்டறைகளும், மெழுகுவர்த்தித் தொழிற்சாலையும், நெருக்கமான குடியிருப்புகளும் எழுந்தன. 1841-இல் ஏழாயிரத்துக்கும் குறைவாக இருந்த மக்கள்தொகை, 1901-இல் ஒரு லட்சத்து அறுபத்தெட்டாயிரத்தைக் கடந்தது. ஓர் ஆயுட்காலத்துக்குள் கிராமம் நகரமாயிற்று. அந்த நகரத்தை ஆண்டுவந்ததோ பழைய கோயிற்பற்றுச் சபை முறை.

1899-ஆம் ஆண்டின் லண்டன் ஆட்சிச் சட்டம் இந்நிலையை மாற்றியது. லண்டன் 28 பெருநகரப் பரோக்களாகப் பிரிக்கப்பட்டது. பரோ என்பதை நம் ஊர் நகரசபைக்கு ஒப்பாகக் கொள்ளலாம். அவற்றுள் ஒன்றான பாட்டர்சிக்கு ஒன்பது வார்டுகள், 54 அங்கத்தினர்கள். அவர்கள் கூடித் தேர்ந்தெடுக்கும் ஆல்டர்மென் எனும் மூத்த உறுப்பினர் ஒன்பது பேர். மூன்றாண்டுக்கு ஒருமுறை, நவம்பர் முதல் தேதியில் தேர்தல். ஒன்பது வார்டுகளுள் ஒன்றுதான் லாட்ச்மியர். 'மியர்' என்றால் பழைய ஆங்கிலத்தில் குளம். குளம் போய்விட்டது, பெயர் நின்றது. நம் ஊரிலும் ஏரி போய் 'ஏரிக்கரைத் தெரு' மட்டும் நிற்கும் இடங்கள் இல்லையா?

லாட்ச்மியரில் ஒரு புறம்போக்கு மேய்ச்சல்நிலம் இருந்தது. 1830-களில் அதைச் சிறு பாத்திகளாகப் பிரித்து, ஏழைகள் காய்கறி பயிரிட்டுக்கொள்ள விட்டிருந்தார்கள். புதிய பரோ சபை அந்த நிலத்தில் தொழிலாளர்களுக்கு வீடு கட்ட முடிவு செய்தது. இதற்குப் பார்லிமெண்டின் தனி அனுமதி வேண்டியிருந்தது, பெற்றார்கள். ஏழைகளின் பாத்திகளை எடுத்து ஏழைகளுக்கே வீடு கட்டுவது நியாயமா என்று இன்று ஒருவர் கேட்கலாம். அந்தக் கேள்வியில் பொருள் இல்லை என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் ஒரே அறையில் ஒரு குடும்பம் முழுவதும் அடைந்து கிடந்த நாட்கள் அவை என்பதையும் மறக்கலாகாது.

1903-இல் 315 வீடுகள் கொண்ட லாட்ச்மியர் குடியிருப்பு திறக்கப்பட்டது. காண்டிராக்டரிடம் ஒப்படைக்காமல், சபை தன் சொந்த வேலையாட்களைக் கொண்டே கட்டிய குடியிருப்புகளுள் பிரிட்டனில் இது முதன்மையானவற்றுள் ஒன்று. மின்விளக்கு உண்டு. வீட்டுக்குள்ளேயே குளிக்கும் தொட்டி உண்டு. சமையல் அடுப்பின் சூட்டிலேயே அதற்கு வெந்நீர் கிடைக்கும். அந்நாளில் வசதியுள்ளோர் வீடுகள் பலவற்றிலும் இவை இல்லை. தெருக்களுக்குப் பெயரிடும்போது சபையார் மன்னர்களையும் பிரபுக்களையும் தேடிப் போகவில்லை. செருப்புத் தைக்கும் தொழிலாளியாயிருந்து தொழிற்சங்கத் தலைவரான ஜார்ஜ் ஆட்ஜரின் பெயர் ஒரு தெருவுக்கு. தொகுதியின் பார்லிமெண்டு அங்கத்தினர் ஜான் பர்ன்ஸின் பெயர் ஒரு சாலைக்கு. போயர் யுத்தம் அநியாயமானது என்று பாட்டர்சியின் தலைவர்கள் பகிரங்கமாகவே சொல்லிவந்தார்கள். ஜூபேர் தெரு அவர்கள் கல்லில் எழுதி வைத்த கண்டனம்.

இந்தக் குடியிருப்பின் நடுவே ஒரு சிறு விளையாட்டுத் திடல் இருந்தது. அங்கேதான் அந்த விசித்திரமான சம்பவம் நடந்தது. 1903-இல் லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியில் வில்லியம் பேலிஸ் என்ற உடலியல் பேராசிரியர், மாணவர்கள் முன்னிலையில் ஒரு பழுப்பு நிற நாயை அறுத்துச் சோதனை செய்து காட்டினார். நாய்க்குப் போதிய மயக்கமருந்து தரப்படவில்லை என்று, அங்கே இருந்த சுவீடன் நாட்டுப் பெண்கள் இருவர் எழுதினார்கள். அவ்வெழுத்தைக் கொண்டு ஒரு பொதுக்கூட்டத்தில் பேராசிரியரைக் குற்றம் சாட்டினார் ஸ்டீபன் கோல்ரிட்ஜ் என்ற வழக்கறிஞர். பேலிஸ் மானநஷ்ட வழக்குத் தொடுத்தார்; வென்றார். ஜூரிகள் அவருக்கு 2000 பவுன் நஷ்டஈடு அளித்தார்கள். சட்டப்படி விஷயம் அதோடு முடிந்தது. பேலிஸ் சாமானியர் அல்லர். அதற்கு முந்தைய ஆண்டுதான் அவரும் ஸ்டார்லிங் என்பவரும் சேர்ந்து, உடலில் ஹார்மோன்கள் வேலை செய்யும் முறைக்கு முதற்சான்றான செக்ரிட்டினைக் கண்டறிந்திருந்தார்கள். ஆகவே ஒரு பக்கம் கொடுமை, மறுபக்கம் கருணை என்று இக்கதையை எளிதாக வகுத்துவிட முடியாது.

விலங்குகளின் சார்பில் போராடியவர்கள் அந்த நாய்க்கு ஒரு சிலை செய்தார்கள். எங்கே நிறுவுவது? லாட்ச்மியர்த் திடலில் இடம் தர பாட்டர்சி சபை இசைந்தது. 1906-ஆம் ஆண்டு செப்டம்பர் 15-ஆம் தேதி சிலை திறக்கப்பட்டது. பெர்னார்ட் ஷா வந்து பேசினார். சிலையின் அடியில் மனிதர்களுக்கும் நாய்களுக்கும் குடிநீர் அமைத்திருந்தார்கள். கல்வெட்டில் கல்லூரியின் பெயரை வெளிப்படையாகப் பொறித்திருந்தபடியால் மருத்துவ மாணவர்கள் கொதித்தெழுந்தார்கள். 1907 நவம்பரில் சம்மட்டியுடன் வந்து சிலையை உடைக்க முயன்றார்கள். டிசம்பர் 10-ஆம் தேதி டிரபால்கர் சதுக்கத்தில் பெருங்கூட்டமாகத் திரண்டு போலீசாருடன் மோதினார்கள். பாட்டர்சிக்குள் வந்தவர்களை அங்குள்ள தொழிலாளர்கள் எதிர்த்து விரட்டினார்கள். அத்தொழிலாளர்கள் நாயிடம் மட்டும் இரக்கம் கொண்டார்கள் என்று நான் எண்ணவில்லை. படித்த பணக்காரப் பிள்ளைகள் தம் குடியிருப்புக்குள் புகுந்து தம் பொருளை உடைப்பதா என்ற ரோஷமும் அதில் கலந்திருந்தது. சிலையைக் காக்க இரவும் பகலும் காவலர்கள். ஆண்டுக்குச் செலவு 700 பவுன். அந்தச் செலவே பிறகு சிலைக்கு வினையாயிற்று.

சிலை எழுந்த அதே 1906-ஆம் ஆண்டின் நவம்பர்த் தேர்தலில் லாட்ச்மியர் வார்டு ஒரு புதியவரைச் சபைக்கு அனுப்பியது. அவர் பெயர் ஜான் ரிச்சர்ட் ஆர்ச்சர். 1863-இல் லிவர்பூலில் பிறந்தவர். தந்தை மேற்கிந்தியத் தீவாகிய பார்படோஸைச் சேர்ந்த கப்பற் பணியாளர். தாய் அயர்லாந்துப் பெண்மணி. கப்பல்களில் உலகைச் சுற்றிவிட்டு, பாட்டர்சியில் புகைப்படக்கடை வைத்திருந்தார். வெள்ளையர்களே பெரும்பாலோராக வாழ்ந்த ஒரு தொழிலாளர் வார்டு, கறுப்பரான ஒருவருக்கு வாக்களித்தது. சபையில் அவர் பாடுபட்டுப் பெற்ற பலன்களுள் ஒன்று, சபைத் தொழிலாளர்களுக்கு வாரம் 32 ஷில்லிங் என்ற குறைந்தபட்சக் கூலி.

1909-ஆம் ஆண்டுத் தேர்தலில் காற்று திசை மாறியது. ஆர்ச்சர் தோற்றார், வரிச்சுமையைக் குறைப்போம் என்றவர்கள் சபையைக் கைப்பற்றினார்கள். நாய்ச் சிலையை வைத்திருக்கவேண்டும் என்று இருபதினாயிரம் பேர் கையெழுத்திட்ட மனுவும் பயன்படவில்லை. 1910 மார்ச் 10-ஆம் தேதி விடியற்காலையில், 120 போலீசார் காவல் நிற்க, சபையின் ஆட்கள் நால்வர் வந்து சிலையைப் பெயர்த்துச் சென்றார்கள். ஒரு நாயின் உருவத்தை அகற்ற 120 போலீசார்!

1912-இல் ஆர்ச்சர் மீண்டும் சபைக்கு வந்தார். அடுத்த ஆண்டு மேயர் பதவிக்கு அவர் பெயர் முன்மொழியப்பட்டது. உடனே பத்திரிகைகள் அவருடைய பிறப்பை ஆராயத் தொடங்கின. அவர் ரங்கூனில் பிறந்தவர் என்றுகூட எழுதின! வெறுப்புக் கடிதங்களும் வந்தன. 1913 நவம்பர் 10-ஆம் தேதி வாக்கெடுப்பு நடந்தது. ஒரே ஒரு வாக்கு வித்தியாசத்தில் ஆர்ச்சர் வென்றார். லண்டனில் மேயரான முதல் கறுப்பர் அவரே. பிரிட்டனிலேயே முதல்வர் என்று சிலர் எழுதுவது பிழை. 1904-இல் தெட்போர்டு என்ற சிற்றூரில் பகாமாஸைச் சேர்ந்த டாக்டர் மின்ஸ் மேயராகியிருந்தார். பதவியேற்ற கூட்டத்தில் ஆர்ச்சர் தம் பிறப்பைப் பற்றிய வதந்திகளுக்கு நகைச்சுவையோடு பதில் அளித்தார். இதுவரை எவரும் கேள்விப்பட்டிராத ஒரு சின்னஞ்சிறு கிராமத்தில், லிவர்பூலில், தாம் பிறந்ததாகச் சொன்னார்.

இனி வருவது நம் நாட்டையும் தொட்ட பகுதி. முதல் உலகப்போருக்குப் பின் பாட்டர்சி இரண்டு பார்லிமெண்டுத் தொகுதிகளாயிற்று. லாட்ச்மியர் வட தொகுதியில் இருந்தது. 1922-இல் அத்தொகுதியில் தொழிற்கட்சியின் ஆதரவு பெற்ற அபேட்சகர், பம்பாயில் பிறந்த பார்சி, ஜாம்ஷெட்ஜி டாட்டாவின் சகோதரி மகன், ஷாபூர்ஜி சக்லத்வாலா. கம்யூனிஸ்டு ஆகிவிட்ட அவருக்குத் தேர்தல் ஏஜெண்டாக நின்றவர் ஆர்ச்சர். அதற்காகத் தம் நகரசபைப் பதவியையும் விட்டார். சக்லத்வாலா வென்றார். 1923-இல் தோற்றார். 1924-இல் கம்யூனிஸ்டு அபேட்சகராகவே நின்று மீண்டும் வென்றார். இந்தியாவின் விடுதலைக்காகப் பார்லிமெண்டில் ஓயாது வாதாடிய அவரை அங்கே அனுப்பியவர்கள் பாட்டர்சியின் எரிவாயு, இருப்புப்பாதைத் தொழிலாளர்கள். அவர்களுள் இந்தியாவைக் கண்டவர்கள் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்?

நட்பு நீடிக்கவில்லை. தொழிற்கட்சியும் கம்யூனிஸ்டுக் கட்சியும் பிரிந்தன. 1929-இல் தொழிற்கட்சி சக்லத்வாலாவை எதிர்த்து ஸ்டீபன் சாண்டர்ஸ் என்பவரை நிறுத்தியது. சாண்டர்ஸின் ஏஜெண்டு யார் தெரியுமா? அதே ஆர்ச்சர்தான். சக்லத்வாலா தோற்றார். இதை வாசித்தபோது எனக்கு மனம் கசந்தது. ஆனால் கட்சிக் கட்டுப்பாட்டை உயிராக மதித்தவருக்கு வேறு வழி தோன்றியிராது. 1931-இல் நைன் எல்ம்ஸ் என்ற பக்கத்து வார்டிலிருந்து மீண்டும் சபைக்கு வந்த ஆர்ச்சர், 1932 ஜூலையில், சபையின் துணைத் தலைவராக இருக்கும்போதே காலமானார்.

பின்னாளைய கதை சுருக்கமானது. 1965-இல் பாட்டர்சி என்ற பரோவே மறைந்து, வான்ட்ஸ்வொர்த் என்ற பெரிய பரோவில் கலந்தது. லாட்ச்மியர் என்ற வார்டுப் பெயர் மட்டும் புதிய பரோவிலும் வழங்கிவந்தது. 1985-இல் அந்த நாய்க்கு மீண்டும் ஒரு சிலை வைத்தார்கள். ஆனால் லாட்ச்மியர்த் திடலில் அன்று, பாட்டர்சிப் பூங்காவில். 2013-இல் ஆர்ச்சர் வாழ்ந்த வீட்டில் நினைவுப்பலகை பதித்தார்கள்.

2022-ஆம் ஆண்டு மே மாதத் தேர்தலுக்கு முன், மக்கள்தொகை மாறுதலுக்கு ஏற்ப வார்டு எல்லைகளைத் திருத்தி எழுதினார்கள். அந்தத் திருத்தத்தில் லாட்ச்மியர் பிரிந்து அக்கம்பக்கத்து வார்டுகளில் சேர்ந்தது. அந்தத் தேர்தலில் தொழிற்கட்சி 44 ஆண்டுகளுக்குப் பிறகு வான்ட்ஸ்வொர்த் சபையைக் கைப்பற்றியது. அப்போது வாக்குச்சீட்டுகளில் லாட்ச்மியர் என்ற வார்டு இல்லை. நான் நடந்து சென்ற நாளில் ஜூபேர் தெருவில் ஒரு கிழவி வாசற்படியைக் கழுவிக்கொண்டிருந்தாள். ஜூபேர் யார் என்று அவளைக் கேட்டேன். யாரோ வீடு கட்டிய மேஸ்திரியாக இருக்கும் என்றாள்.