ஒரே சந்தா, ரெண்டு கன்சோல்: ராஜபாளையத்துல கட்டினா ஸ்ரீவில்லிபுத்தூர்லயும் விளையாட முடியுமா? முழு விளக்கம்

ஓடிடி சந்தாவை ஒருத்தர் கட்டி, சொந்தக்காரர்கள் நாலு பேர் பார்ப்பது பல குடும்பங்களில் பழக்கம். அதே மாதிரி வீடியோ கேம் சந்தாவையும் ரெண்டு வீட்டுக்குப் பொதுவாக வைத்துக்கொள்ள முடியுமா? முடியும். ஆனால் எந்த கன்சோலில் எந்த அமைப்பை வைக்கிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. அதை மாற்றிச் செய்தால் பணம் கட்டியவரே விளையாட முடியாமல் உட்கார்ந்திருக்க வேண்டிவரும்.

விருதுநகர் மாவட்டத்தில் சுமார் 12 கிலோமீட்டர் இடைவெளியில் இருக்கும் ராஜபாளையத்தையும் ஸ்ரீவில்லிபுத்தூரையும் உதாரணமாக எடுத்துக்கொள்வோம். அண்ணன் ராஜபாளையத்தில், தம்பி ஸ்ரீவில்லிபுத்தூரில். ரெண்டு வீட்டிலும் ஆளுக்கு ஒரு கன்சோல். சந்தா கட்டுவது அண்ணன் மட்டும்.

சந்தா யார் பேரில் இருக்கிறது?

பலரும் குழம்புவது இங்கேதான். சந்தா கன்சோல் பெட்டிக்குக் கிடையாது, அதை வாங்கியவரின் கணக்குக்குத்தான். அண்ணன் தன் கணக்கில் பிளேஸ்டேஷன் பிளஸ் அல்லது எக்ஸ்பாக்ஸ் கேம் பாஸ் வாங்கினால், அவர் எந்த கன்சோலில் லாகின் செய்கிறாரோ அங்கே அந்த உரிமை வேலை செய்யும்.

இதுபோக, ஒவ்வொரு கணக்குக்கும் ஒரு கன்சோலை 'வீட்டு கன்சோல்' என்று குறிக்கும் வசதி இருக்கிறது. எக்ஸ்பாக்ஸில் இதன் பெயர் 'ஹோம் எக்ஸ்பாக்ஸ்'. பிஎஸ்5-ல் 'கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் பிளே'. பிஎஸ்4-ல் 'பிரைமரி பிஎஸ்4'. அப்படிக் குறித்த கன்சோலில் வேறு யார் தங்கள் சொந்தக் கணக்கில் நுழைந்தாலும், அண்ணன் வாங்கிய டிஜிட்டல் கேம்களையும் சந்தாவில் வரும் கேம்களையும் விளையாடலாம். ஆன்லைனில் மற்றவர்களோடு மோதும் வசதியும் கிடைக்கும். சுருக்கமாக, வீட்டு கன்சோலில் எல்லாருக்கும் அனுமதி. மற்ற கன்சோலில் பணம் கட்டியவருக்கு மட்டும் அனுமதி, அதுவும் இன்டர்நெட் இருந்தால்தான்.

அப்போ எந்த வீட்டு பெட்டியை 'ஹோம்' ஆக்கணும்?

அண்ணன் தன் கன்சோலையே வீட்டு கன்சோலாக வைத்தால் தம்பிக்கு ஒன்றும் கிடைக்காது. அதனால் ஸ்ரீவில்லிபுத்தூரில் இருக்கும் தம்பியின் கன்சோலைத்தான் அண்ணன் கணக்கின் வீட்டு கன்சோலாக மாற்ற வேண்டும். ராஜபாளையத்தில் அண்ணன் வழக்கம்போல் தன் கணக்கில் நுழைந்து விளையாடுவார். ரெண்டு பேரும் ஒரே நேரத்தில் விளையாடலாம். பெரும்பாலான டிஜிட்டல் கேம்களில், ஒரே கேமில் எதிரெதிராகவும் மோதலாம்.

செய்முறை இதுதான்:

1. அண்ணன் தன் கன்சோலில் வீட்டு கன்சோல் அமைப்பை முதலில் நிறுத்த வேண்டும். பிஎஸ்5-ல் செட்டிங்ஸ், யூசர்ஸ் அண்ட் அக்கவுன்ட்ஸ், அதர் என்ற வரிசையில் போனால் இது இருக்கும். எக்ஸ்பாக்ஸில் செட்டிங்ஸ், ஜெனரல், பர்சனலைசேஷன், மை ஹோம் எக்ஸ்பாக்ஸ் என்று போக வேண்டும்.

2. அண்ணன் நேரில் போய், தம்பியின் கன்சோலில் தன் கணக்கை ஒருமுறை சேர்க்க வேண்டும். பாஸ்வேர்டை வாட்ஸ்அப்பில் அனுப்புவதைவிட ஒரு பஸ் ஏறிப் போய்வருவது பாதுகாப்பு.

3. அங்கே அதே அமைப்பை ஆன் செய்ய வேண்டும்.

4. கேமை டவுன்லோடு போட்டுவிட்டு, தம்பி தன் சொந்தக் கணக்கில் நுழைந்து விளையாட வேண்டும். அப்போதுதான் ஆளாளுக்கு ஆட்டப் பதிவு தனியாக இருக்கும். அண்ணன் கணக்கிலேயே ரெண்டு பேரும் விளையாடினால் பதிவு கலந்துபோகும். எக்ஸ்பாக்ஸில் ஒரே கணக்கு ரெண்டு இடத்தில் நுழைந்தால், முதலில் இருந்தவர் பாதி ஆட்டத்தில் வெளியே தள்ளப்படுவார்.

பிஎஸ்4 ஒன்று, பிஎஸ்5 ஒன்று இருந்தால்?

இவர்களுக்கு வேலை சுலபம். ஒரு கணக்கில் ஒரு பிஎஸ்4, ஒரு பிஎஸ்5 என ரெண்டையும் ஒரே சமயத்தில் வீட்டு கன்சோலாக வைத்துக்கொள்ள சோனி அனுமதிக்கிறது. எனவே அண்ணன் பிஎஸ்5, தம்பி பிஎஸ்4 என்றால் எதையும் நிறுத்த வேண்டியதில்லை. ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். 2026 ஜனவரி முதல் பிஎஸ்4 கேம்கள் பிளேஸ்டேஷன் பிளஸின் முக்கியச் சலுகையாக இருக்காது என்று சோனி 2025 தொடக்கத்திலேயே அறிவித்துவிட்டது. அதனால் பிஎஸ்4 வைத்திருப்பவருக்கு இனி வரும் புது கேம்கள் குறையும்.

எக்ஸ்பாக்ஸில் இந்தச் சலுகை இல்லை. எக்ஸ்பாக்ஸ் ஒன், சீரிஸ் எஸ், சீரிஸ் எக்ஸ் என எதுவாக இருந்தாலும் ஒரு கணக்குக்கு ஒரே ஒரு ஹோம் எக்ஸ்பாக்ஸ்தான்.

பணம் கட்டியவருக்கு என்ன நஷ்டம்?

முதல் நஷ்டம் இன்டர்நெட். வீட்டு கன்சோல் தம்பியிடம் இருப்பதால், அண்ணனின் கன்சோல் ஒவ்வொரு முறையும் ஆன்லைனில் உரிமையைச் சரிபார்க்கும். ராஜபாளையத்தில் நெட் போனால், தனியாக விளையாடும் கேம்கூட பூட்டிக்கொள்ளும். ஸ்ரீவில்லிபுத்தூரில் தம்பி நெட் இல்லாமலும் விளையாடிக்கொண்டிருப்பார். செல்போன் ஹாட்ஸ்பாட் கொடுத்துச் சமாளிக்கலாம்.

ரெண்டாவது, பர்ஸ். அண்ணனின் கணக்கு தம்பியின் கன்சோலில் இருக்கிறது. அதில் கார்டு விவரம் சேமித்திருந்தால், அந்த வீட்டுச் சின்னப் பிள்ளைகள் தெரியாமல் கேமுக்குள் காயின் வாங்கினாலும் காசு அண்ணனுக்குத்தான் போகும். எனவே வாங்கும்போது பாஸ்வேர்டு அல்லது பின் கேட்கும் அமைப்பை ஆன் செய்வது அவசியம். கணக்குக்கு இரட்டைச் சரிபார்ப்பும் வைக்க வேண்டும். கார்டு விவரத்தையே நீக்கிவிடுவது இன்னும் நல்லது.

மூன்றாவது, எல்லாச் சலுகையும் பகிர முடியாது. பிளேஸ்டேஷன் பிளஸில் கிளவுடில் ஆட்டத்தைச் சேமிக்கும் வசதியும் சந்தாதாரர் தள்ளுபடியும் அண்ணனுக்கு மட்டும்தான். எக்ஸ்பாக்ஸில் கிளவுட் கேமிங்கும், கம்ப்யூட்டரில் கேம் பாஸ் பயன்படுத்தும் உரிமையும் அவர் கணக்கோடு நின்றுவிடும்.

மனஸ்தாபம் வந்தா, பெட்டியை வித்துட்டா?

சிக்கல் இங்கேதான் பெரிதாகும். தம்பி தன் கன்சோலை செகண்ட் ஹேண்டில் விற்கும்போது அண்ணன் கணக்கை நீக்க மறந்துவிட்டால், முகம் தெரியாத ஒருவர் வீட்டில் அந்தச் சந்தா ஓடிக்கொண்டிருக்கும். கன்சோல் கையில் இருந்தால் எப்போது வேண்டுமானாலும் அமைப்பை நிறுத்தலாம். கையில் இல்லையென்றால், பிளேஸ்டேஷன் இணையதளத்தில் எல்லாச் சாதனங்களையும் ஒரேயடியாக நீக்கலாம். ஆனால் அதை 6 மாதத்துக்கு ஒருமுறைதான் செய்ய முடியும். எக்ஸ்பாக்ஸில் ஹோம் கன்சோலை ஒரு வருடத்தில் 5 முறை மாற்றலாம். பண்டிகை லீவுக்கு ஒரு வீடு, பள்ளி லீவுக்கு ஒரு வீடு என்று மாற்றிக்கொண்டே இருந்தால், அவசரத்துக்கு வாய்ப்பு மிச்சம் இருக்காது.

இது விதிப்படி சரியா?

வீட்டு கன்சோல் வசதி நிறுவனங்களே கொடுப்பதுதான், குறுக்கு வழி அல்ல. ஆனால் ஒரே கன்சோலைப் பயன்படுத்தும் வீட்டாருக்காக உருவாக்கப்பட்டது. பாஸ்வேர்டை வெளியாட்களிடம் கொடுப்பதை கணக்கு விதிகள் ஏற்பதில்லை. இது நிறுவனத்துக்கும் வாடிக்கையாளருக்கும் இடையிலான ஒப்பந்த விஷயம். விதி மீறப்பட்டதாக நினைத்தால் கணக்கை முடக்கும் உரிமை நிறுவனத்துக்கு உண்டு. கணக்கு முடங்கினால் சந்தா மட்டுமல்ல, வருடக்கணக்கில் வாங்கிய டிஜிட்டல் கேம்களும் சேர்ந்து போய்விடும்.

இன்று இருக்கும் வசதி நாளையும் இருக்கும் என்று உறுதி இல்லை. நெட்ஃப்ளிக்ஸ் 2023 ஜூலையில் இந்தியாவில் வேறு வீட்டாரோடு பாஸ்வேர்டு பகிர்வதை நிறுத்தத் தொடங்கியது நினைவிருக்கலாம். கேம் உலகில் எதிர்த்திசையிலும் நடந்திருக்கிறது. 2013-ல் எக்ஸ்பாக்ஸ் ஒன் அறிமுகமானபோது, டிஸ்க்கை அடுத்தவருக்குக் கொடுப்பதற்கே மைக்ரோசாஃப்ட் கட்டுப்பாடு அறிவித்தது. எதிர்ப்பு கிளம்பியதால் அதே ஜூன் மாதம் அதைக் கைவிட்டது.

'பாதி விலைக்கு கேம்' விளம்பரம்: உஷார்

சோஷியல் மீடியாவில் 'பிரைமரி அக்கவுன்ட்', 'செகண்டரி அக்கவுன்ட்' என்று குறைந்த விலைக்கு விற்பவர்கள் பயன்படுத்துவதும் இதே முறைதான். ஒரு கணக்கை வாங்கி, அதைப் பலருக்குத் துண்டு போட்டு விற்கிறார்கள். கணக்கின் பாஸ்வேர்டும் இமெயிலும் விற்பவர் கையில்தான் இருக்கும். அவர் நினைத்த நாளில் உங்கள் கன்சோலை நீக்கிவிட்டு, அடுத்தவருக்கு அதே இடத்தை விற்கலாம். கொடுத்த காசைத் திரும்பக் கேட்க கம்பெனியிடம் போகவும் முடியாது, ஏனென்றால் கணக்கு உங்கள் பேரில் இல்லை.

கம்ப்யூட்டரில் விளையாடுபவர்களுக்கு

ஸ்டீம் தளம் 2024-ல் கொண்டுவந்த 'ஸ்டீம் ஃபேமிலிஸ்' வசதியில் ஒரே வீட்டைச் சேர்ந்த 6 பேர் வரை கேம் பகிரலாம். ஆனால் ஒரு பிரதியை ஒரு நேரத்தில் ஒருவர்தான் ஆட முடியும். உங்கள் பிரதியில் விளையாடும் ஒருவர் ஏமாற்றுவேலை செய்து பிடிபட்டால், அந்த கேமில் உங்களுக்கும் தடை வரும்.

முதலில் சந்தா தேவையா என்று பாருங்கள்

ஃபோர்ட்நைட் போன்ற இலவச கேம்களை ஆன்லைனில் ஆட, பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ் இரண்டிலும் சந்தா வேண்டாம். எக்ஸ்பாக்ஸில் 2021 ஏப்ரல் முதலே இந்தக் கட்டாயம் இல்லை. தம்பி வீட்டில் அதுமட்டும்தான் ஆடுகிறார்கள் என்றால் பகிரும் தலைவலியே தேவையில்லை. டிஸ்க்காக வாங்கிய கேம் என்றால் கணக்கு எதையும் மாற்றாமல் கையில் கொடுத்து வாங்கிக்கொள்ளலாம்.

பெற்றோர் கேட்கும் இன்னொரு சந்தேகம்: இது தடை செய்யப்பட்ட ஆன்லைன் கேமா? இல்லை. 2025 ஆகஸ்டில் வந்த மத்தியச் சட்டம் தடை செய்வது பணம் வைத்து விளையாடும் ஆட்டங்களை. நுழைவதற்குச் சந்தா மட்டும் கட்டி விளையாடும் சாதாரண கேம்கள் அதில் வராது.

ஆரம்பிக்கும் முன் ரெண்டு வீட்டாரும் பேசிக்கொள்ள வேண்டியவை

* செலவில் யாருக்கு எவ்வளவு பங்கு, எந்தத் தேதியில் கொடுப்பது.
* சந்தா முடியும் தேதியை ரெண்டு பேரும் குறித்துக்கொள்வது. தானாகப் பணம் எடுக்கும் முன் வரும் அறிவிப்பு கட்டுபவரின் போனுக்குத்தான் போகும். அவர் கவனிக்காமல் விட்டால் ரெண்டு வீட்டிலும் ஒரே நாளில் நின்றுவிடும்.
* கன்சோலை விற்பதற்கும் ரிப்பேருக்குக் கொடுப்பதற்கும் முன் சொல்லிவிட்டு, கணக்கை நீக்குவது.
* பாஸ்வேர்டு மூன்றாவது ஆளுக்குப் போகக் கூடாது.

இந்த நாலும் ஒத்துவராத உறவென்றால், கொஞ்சம் கூடுதலாகச் செலவானாலும் ஆளுக்கொரு சந்தாவே நல்லது.