கல்யாண மண்டபத்தில் உருவான சாம்பியன்



மாங்காட்டில் முகூர்த்த நாள் என்றால் நமக்கு வியாபாரம் என்று பொருள். அன்னை காமாட்சியை வேண்டிக்கொண்டு வரன் அமைந்தவர்கள், இந்த ஊரிலேயே திருமணத்தையும் நடத்த வேண்டும் என்று வருகிறார்கள். அந்த மண்டபங்களுக்கு அரிசி மூட்டையும் பருப்பும் எண்ணெய் டின்னும் நம் கடைகளிலிருந்துதான் போகின்றன. ஆடியிலும் மார்கழியிலும் அதே மண்டபங்கள் பூட்டிக் கிடக்கின்றன. நமக்கும் கல்லா இளைத்துவிடுகிறது.

சென்ற மார்கழியில் ஓர் இரவு கடையை அடைத்துவிட்டு வரும்போது ஒரு காட்சியைக் கண்டோம். சரக்கு இறக்கி நிறுத்தியிருந்த இரண்டு லோடு வண்டிகளுக்கு நடுவே சணல் கயிறு கட்டி, நாலைந்து பிள்ளைகள் ஷட்டில் ஆடிக்கொண்டிருந்தார்கள். அடிக்கிற காற்றில் பந்து கால்வாய்ப் பக்கம் போய் விழுந்தது. எதிரிலேயே ஒரு பெரிய மண்டபம், பூட்டுப் போட்டு இருட்டாக இருந்தது. அப்போது நமக்கு நினைவுக்கு வந்தவர் பிரகாஷ் படுகோன். இளைய தலைமுறைக்கு அவரை நடிகை தீபிகாவின் தந்தை என்றுதான் தெரியும். நம் வயதுக்காரர்களுக்கு அவர் வேறு ஆள்.

செயலாளரின் மகன்

பிரகாஷ் 1955 ஜூன் 10 அன்று பெங்களூரில் பிறந்தவர். தந்தை ரமேஷ் படுகோன் மைசூர் பேட்மிண்டன் சங்கத்தின் செயலாளராகப் பல ஆண்டுகள் உழைத்தவர். நம் தமிழ்நாட்டில் கம்பளிப் பந்தால் ஆடும் பூப்பந்து வேறு. இது இறகுப்பந்து. பதினாறு இறகுகள் செருகிய அந்தப் பந்தின் எடை ஐந்து கிராம் அளவுதான். மின்விசிறி சுழன்றாலே திசை மாறும். ஆகவே இதை முறையாக ஆடக் கூரையுள்ள கூடம் வேண்டும். அன்றைய பெங்களூரில் அப்படிப்பட்ட கூடம் எளிதில் கிடைக்காது.

மல்லேசுவரத்தில் கனரா யூனியன் என்ற சமூக அமைப்பின் கல்யாண மண்டபம் இருந்தது. சிறுவன் பிரகாஷ் ஆட்டம் கற்றது அங்கேதான். தினமும் மண்டபத்தில் விசேஷம் உண்டா இல்லையா என்று விசாரிப்பாராம். கல்யாணம் இருந்தால் ஆட்டம் இல்லை. இல்லையென்றால் பள்ளி விட்டதும் ஓட்டம்தான். ஊரார் முகூர்த்தத்துக்குக் காத்திருக்க, இந்தப் பிள்ளை முகூர்த்தம் இல்லாத நாளுக்குக் காத்திருந்தது. பிற்காலத்தில் தன் மகள்களுக்கு எழுதிய கடிதம் ஒன்றில் இதை அவரே சொல்லியிருக்கிறார்.

முதலில் கலந்துகொண்ட மாநில இளையோர் போட்டியில் முதல் சுற்றிலேயே தோற்றார். ஆனால் பதினாறு பதினேழு வயதுக்குள் தேசிய இளையோர் பட்டம், பெரியோர் பட்டம் இரண்டையும் ஒரே ஆண்டில் எடுத்தார். அதையும் சேர்த்துத் தொடர்ந்து ஒன்பது முறை தேசிய சாம்பியன். ஒரு கடை ஒன்பது ஆண்டு ஊரில் முதல் கடையாக நிற்பதே எவ்வளவு பாடு என்று நமக்குத் தெரியும். 1972-ல் அர்ஜுனா விருது, 1978-ல் காமன்வெல்த் போட்டியில் தங்கம் என்று வளர்ந்து, 1980 மார்ச் 23 அன்று லண்டனில் ஆல் இங்கிலாந்து இறுதியாட்டத்துக்கு வந்தார். எதிரே நின்றவர் முந்தைய இரண்டு ஆண்டும் அந்தப் பட்டத்தை வென்ற இந்தோனேசியாவின் லியம் சுவி கிங். அவரை 15-3, 15-10 என்று முடித்தார். அந்தப் பட்டத்தை வென்ற முதல் இந்தியர் அவரே. பிறகு டென்மார்க்கில் தங்கிப் பயிற்சி பெற்று ஆடினார். 1982-ல் பத்மஸ்ரீ, 1983-ல் உலகப் போட்டியில் வெண்கலம். 1991-ல் ஆட்டத்திலிருந்து ஓய்வு பெற்றார்.

மட்டையை வைத்த பிறகு

நம் கட்டுரையின் விஷயமே இங்கேதான் தொடங்குகிறது. வியாபாரத்தில் சம்பாதிப்பது ஒரு திறமை, சங்கம் நடத்துவது வேறு திறமை. கல்லாவில் கெட்டிக்காரராக இருந்தவர், நாலு பேரை அனுசரித்துப் போகத் தெரியாமல் சங்க மேடையில் திணறுவதைப் பார்த்திருக்கிறோம். விளையாட்டிலும் அப்படித்தான். பட்டம் வென்றவர்கள் பலர் பழைய பெருமையைப் பேசியே காலம் கழிக்கிறார்கள். பிரகாஷ் அப்படிச் செய்யவில்லை. தனக்குக் கிடைக்காதது எது என்று யோசித்தார். கூடம் இல்லை, முறையான பயிற்சியாளர் இல்லை, வெளிநாட்டுக்குப் போய்வரப் பணம் இல்லை. இந்த மூன்றையும் அடுத்த தலைமுறைக்கு உண்டாக்குவது என்று புறப்பட்டார்.

1993 முதல் 1996 வரை தேசிய அணிக்குப் பயிற்சியாளராக இருந்தார். 1994-ல் விமல் குமார் முதலியோருடன் சேர்ந்து பெங்களூரில் தன் பெயரில் ஒரு பயிற்சிக் கழகம் தொடங்கினார். பி.பி.எல். நிறுவனம் பணம் கொடுத்து ஆதரித்தது. பிள்ளைகளைச் சிறு வயதிலேயே எடுத்து ஆண்டுக்கணக்கில் வளர்ப்பது திட்டம். இதில் வரவு உடனே வராது. தென்னம்பிள்ளை வைப்பது போல, வைத்தவர் காத்திருக்க வேண்டும்.

சங்கம் இரண்டானபோது

தேசிய பேட்மிண்டன் சங்கம் நடந்துகொண்ட விதம் பிரகாஷுக்கும் முன்னணி வீரர்கள் பலருக்கும் பிடிக்கவில்லை. 1997-ல் அவர் தலைமையில் இந்தியன் பேட்மிண்டன் கான்ஃபெடரேஷன் என்ற மாற்று அமைப்பு எழுந்தது. ஒரே ஆட்டத்துக்கு இரண்டு சங்கம். வணிகர் அமைப்புகள் பிரிந்ததையும் சேர்ந்ததையும் கண்ட நமக்கு, அந்த நாள்களின் சங்கடம் விளங்கும். ஒரே தெருவில் இரண்டு கொடி பறந்தால் கடைக்காரர் எந்தக் கொடிக்குச் சந்தா கட்டுவது?

பிறகு பேச்சுவார்த்தை நடந்து சமரசம் ஆயிற்று. பிரகாஷும் தாய்ச் சங்கத்தில் பொறுப்புக்கு வந்தார். ஆனால் அந்த நாற்காலியில் நெடுநாள் இருக்கவில்லை. நாம் கவனிக்க வேண்டியது அதற்குப் பின் அவர் நடந்துகொண்டதைத்தான். மறுபடி ஒரு போட்டிச் சங்கம் ஆரம்பித்து, வழக்கும் வம்புமாக மீதிக் காலத்தைக் கழித்திருக்கலாம். அவரோ பிள்ளைகள் இருந்த கூடத்துக்குத் திரும்பினார். பதவி போனாலும் வேலை நிற்கவில்லை. பதவியோடு வேலையும் நின்றுபோகிறவர்களை நாம் நிறையப் பார்த்துவிட்டோம்.

முதல் பலன்

2001-ல் பலன் தெரிந்தது. பிரகாஷின் கழகத்தில் பயிற்சி பெற்றிருந்த புல்லேல கோபிசந்த் ஆல் இங்கிலாந்து பட்டத்தை வென்றார். இருபத்தோரு ஆண்டுகளுக்குப் பிறகு அந்தப் பட்டம் மீண்டும் இந்தியாவுக்கு வந்தது. வெற்றிக்குப் பின் தேடிவந்த குளிர்பான விளம்பரத்தைக் கோபிசந்த் மறுத்துவிட்டார். உடம்புக்கு ஆகாது என்று தான் குடிக்காததைப் பிள்ளைகளுக்கு எப்படிச் சொல்வது என்பது அவர் நியாயம். 2017 மார்ச் 1 முதல் அந்நியக் குளிர்பானங்களை விற்பதில்லை என்று தமிழக வணிகர் அமைப்புகள் அறிவித்த நாள் நம் வாசகர்களுக்கு நினைவிருக்கும். வருமானத்தை விட்டுக்கொடுப்பது எவ்வளவு கடினம் என்பதும் அப்போது தெரிந்திருக்கும்.

கோபிசந்த் பின்னர் ஐதராபாத்தில் தாமே ஒரு கழகம் கட்டினார். அதற்காகச் சொந்த வீட்டை அடமானம் வைத்தார். அங்கிருந்து வந்தவர்கள்தாம் 2012 லண்டனில் வெண்கலம் வென்ற சாய்னா நேவாலும், 2016 ரியோவில் வெள்ளி வென்ற பி.வி. சிந்துவும். ஒரு கடையில் தொழில் கற்றவர் வேறு ஊரில் கடை போட்டு முதலாளி ஆவது நம் மளிகை வழக்கம்தானே. பொறாமைப்படாத முதலாளியிடம்தான் அப்படிப்பட்ட ஆள்கள் உருவாவார்கள்.

அதே 2001-ல் பில்லியர்ட்ஸ் சாம்பியன் கீத் சேத்தியும் பிரகாஷும் சேர்ந்து ஒலிம்பிக் கோல்டு குவெஸ்ட் என்ற அமைப்பைத் தொடங்கினார்கள். தொழிலதிபர்களிடமும் பொதுமக்களிடமும் நன்கொடை திரட்டி, தேர்ந்தெடுத்த வீரர்களுக்குப் பயிற்சியாளர், மருத்துவ உதவி, பயணச் செலவு ஆகியவற்றைக் கொடுப்பது அதன் வேலை. பின்னாளில் நம் சென்னை விசுவநாதன் ஆனந்தும் அதன் குழுவில் சேர்ந்தார். லண்டன் ஒலிம்பிக்கில் இந்தியா பெற்ற ஆறு பதக்கங்களில் நான்கு அந்த அமைப்பின் ஆதரவு பெற்றவர்களுடையவை. இறகுப்பந்து மட்டுமல்ல, துப்பாக்கி சுடுதலும் குத்துச்சண்டையும் அதில் அடக்கம். தன் ஆட்டம், தன் மாநிலம் என்று பார்க்கவில்லை.

கணக்குக் கேட்கும் துணிவு

2024 பாரிஸ் ஒலிம்பிக்கில் அவரிடம் வளர்ந்த லக்ஷ்யா சென், வெண்கலப் பதக்க ஆட்டத்தில் முதல் செட்டை வென்றும் தோற்றார். வழிகாட்டியாகப் பிரகாஷ் உடன் இருந்தார். ஆட்டம் முடிந்ததும், அரசும் சங்கமும் தங்களால் ஆனதைச் செய்துவிட்டன, இனி வீரர்களும் பொறுப்பு ஏற்க வேண்டும் என்று வெளிப்படையாகச் சொன்னார். சில வீரர்களுக்கு அது வருத்தம் தந்தது. தோற்று நிற்பவரிடம் அன்றே சொல்ல வேண்டுமா என்று நமக்கும் தோன்றியதுண்டு. ஆனாலும், வசதி இல்லாத காலத்தில் வசதி கேட்டுப் போராடியவர், வசதி வந்த பிறகு பலனுக்குக் கணக்குக் கேட்கிறார். வரவையும் செலவையும் ஒரே பேரேட்டில் எழுதுகிறவர் என்பதற்கு இதுவே சாட்சி.

நம் பங்கு என்ன?

அந்த ஒலிம்பிக்கில் இறகுப்பந்தில் இந்தியாவுக்குப் பதக்கம் இல்லை. ஆனால் சில வாரங்களில் அதே பாரிஸில் நடந்த மாற்றுத்திறனாளிகளுக்கான பாராலிம்பிக்கில் நம் பக்கத்துப் பெண் பிள்ளைகள் சாதித்தார்கள். காஞ்சிபுரத்தின் துளசிமதி முருகேசன் வெள்ளி வென்றார். திருவள்ளூர் மாவட்டத்தின் மனிஷா ராமதாஸ் அதே பிரிவில் வெண்கலம் வென்றார். ஓசூரின் நித்யஸ்ரீ சிவன் வேறு பிரிவில் வெண்கலம் பெற்றார். முன்னதாக 2022-ல் சென்னைப் பையன் சங்கர் முத்துசாமி உலக இளையோர் போட்டியில் வெள்ளி பெற்றிருந்தார். ஆகவே திறமை இந்தப் பக்கத்து மண்ணில் இல்லை என்று யாரும் சொல்ல முடியாது.

எனவே நம் சங்கத்தின் முன் ஒரு யோசனையை வைக்கிறோம். நம் உறுப்பினர்களில் மண்டப உரிமையாளர்கள் உண்டு. மற்ற மண்டபக்காரர்கள் எல்லாரும் நமக்கு வாடிக்கை. முகூர்த்தம் இல்லாத நாள்களில், குறிப்பாக ஆடியிலும் மார்கழியிலும், ஏதாவது ஒரு மண்டபத்தைப் பள்ளிப் பிள்ளைகளுக்கு மாலை இரண்டு மணி நேரம் திறந்துவிடக் கேட்போம். ஓர் ஆடுகளத்துக்கு 44 அடி நீளமும் 20 அடி அகலமும் போதும். சுற்றிலும் கொஞ்சம் இடம் விட வேண்டும். கூரை உயரம் பெரிய போட்டிக்குப் போதாமல் இருக்கலாம், கற்கும் பிள்ளைக்குப் போதும். விசிறியை நிறுத்திவிட வேண்டும். கிரானைட் தரை வழுக்கும், முழங்காலுக்கும் ஆகாது. அதனால் சுருட்டி வைக்கக்கூடிய விரிப்பு ஒன்று வேண்டும். வலை, கம்பம், விரிப்பு இவை ஒருமுறைச் செலவு. பந்தும் மின்கட்டணமும் பயிற்சியாளர் சம்பளமும் மாதச் செலவு. ஆரம்பப் பிள்ளைகளுக்கு நைலான் பந்தே போதும், இறகுப் பந்தைவிட நெடுநாள் உழைக்கும். செலவைப் பங்கு போட்டால் ஒரு கடைக்கு அதிகம் விழாது. வரவு செலவை மாதாமாதம் சங்க அறிவிப்புப் பலகையில் ஒட்டிவிட்டால் யாருக்கும் சந்தேகம் எழாது.

இதில் பொறுப்பு யாருக்கு, போர்டில் யார் பெயர் முதலில் என்று நாம் தொடங்கிவிட்டால் காரியம் கெட்டது. மல்லேசுவரத்தில் அந்த மண்டபத்தைத் திறந்துவிட்டவரின் பெயர் நமக்குத் தெரியாது. அவர் திறந்துவிட்டார், ஒரு பிள்ளை உள்ளே ஓடினான், அவ்வளவுதான்.

அடுத்த ஆடி பிறப்பதற்குள் இதைச் செயற்குழுவில் வைத்துப் பேச வேண்டுகிறோம். விரிப்புக்கான நம் பங்குத் தொகையை இப்போதே எடுத்து வைத்திருக்கிறோம்.